டைனிங் டேபிள் மூலை: இரண்டாம் ரவுண்டு

டைல்ஸ் இடுக்கில் இறங்கிய நாய் மூச்சா நாற்றம் ஒருவழியாக அடங்கிவிட்டது. முழுசாக இல்லை, சுவரோர ஜாயின்ட் ஒன்று பாக்கி.

கேஸ்: 12 கிலோ, கருத்தடை ஆன பெண் நாய். எப்போதும் ஒரே மூலை, தரையில் பெரிய குட்டை. படுக்கிற இடம் நனையவில்லை, அதனால் தூக்கத்தில் கசிகிற வகை இல்லை. தண்ணீர் குடிப்பது ஒரு நாளைக்கு 600 மில்லிதான். (கிலோவுக்கு 100 மில்லியைத் தாண்டினால் டைல்ஸை விட்டுவிட்டு டாக்டரிடம் ஓடுங்கள். குடிக்கிற தண்ணீரைக் குறைக்காதீர்கள்.) யூரின் டெஸ்டிலும் ஒன்றுமில்லை. சாம்பிள் பிடிக்க நீளக் காம்பு சாம்பார் கரண்டிக்கு ஈடு கிடையாது. அப்புறம் அது சமையலறைக்குத் திரும்பக் கூடாது, அவ்வளவுதான்.

ஆக, பழைய வாசனைதான் நாயை அந்த மூலைக்கு இழுக்கிறது.

முதல் ரவுண்டு தோற்றது பினாயிலால். தினசரி மாப் போட்ட பினாயில் இடுக்கில் தங்கி, என்சைம் கிளீனரை (மூத்திரத்தைச் சிதைத்து நாற்றம் போக்கும் திரவம்) வேலை செய்யவிடவில்லை. இந்த முறை வெறும் வெந்நீரில் மூன்று தடவை கழுவி, துணியால் ஒற்றி எடுத்தாயிற்று. பிளீச்சிங் பவுடர் பக்கமே போகாதீர்கள். மூத்திர அம்மோனியாவோடு சேர்ந்தால் நெஞ்சை அடைக்கும் வாயு கிளம்பும்.

ஸ்ப்ரே செய்வது வீண். மூத்திரம் எவ்வளவு ஆழம் இறங்கியதோ அவ்வளவு ஆழம் கிளீனரும் இறங்க வேண்டும். ஜாயின்ட் நெடுக ஊற்றி, கறைக்கு வெளியே ஒரு அடி வரை நனைத்தாயிற்று. பாட்டிலில் போட்டிருக்கும் 10 நிமிஷமெல்லாம் புதுக் கறைக்குத்தான். காய்ந்தால் என்சைம் நின்றுவிடும். மேலே ஈரப் பருத்தித் துணி, அதன்மேல் பிளாஸ்டிக் ஷீட், ஓரத்தில் செங்கல், ஃபேன் ஆஃப், ராத்திரி முழுக்க. இதே சடங்கு இரண்டு ராத்திரி.

கறை தேட யூவி (புற ஊதா) டார்ச். பெங்களூரு எலக்ட்ரானிக்ஸ் கடைத்தெருவான எஸ்.பி. ரோடில் போனால் 365 நானோமீட்டர் என்று கேட்டு வாங்குங்கள். மலிவான 395-இல் ஊதா வெளிச்சமே கண்ணை மறைக்கும். மங்கலான மஞ்சள்பச்சை என்றால் மூத்திரம். பளிச்சென்ற நீலவெள்ளை பெரும்பாலும் சோப்புத்தூள், அதைத் துரத்திக்கொண்டு போகாதீர்கள்.

அடுத்து டைல்ஸ் இடுக்கை அடைத்திருக்கும் சிமென்ட் கிரவுட்டைச் சுரண்டிவிட்டு எபாக்சி போடணும், அது உறிஞ்சாது. நாற்றம் போகுமுன் போட்டால் உள்ளேயே பூட்டி வைத்த மாதிரி. பெங்களூரு மழைக்கு முன் பால்கனியில் நாய் மூச்சா போக செயற்கைப் புல் தட்டும் வைக்கணும். பால்கனித் தரையின் வாட்டம் வடிகுழாய்ப் பக்கம் இல்லாமல் ஹால் பக்கம் இருப்பது இப்போதுதான் தெரிகிறது.