நாயும் முயலும் உட்கார்ந்திருக்கும் கோயில்

ஹெர்ஃபோர்டிலிருந்து அபர்கவென்னி போகிற சாலையில் ஒன்பது மைல் போல வந்து, ஒரு கிளைப் பாதையில் திரும்பினால் கில்பெக். இங்கிலாந்தும் வேல்ஸும் தொட்டுக்கொள்கிற பகுதி. அம்மா மூன்று மாதம் என்னோடு இருக்க வந்திருந்தாள், லண்டனில் பெரிய பெரிய கதீட்ரலெல்லாம் காட்டியாகிவிட்டது, அதையெல்லாம் பார்த்து "நல்லாத்தான் இருக்கு, ஆனா ஜெபம் பண்ணத் தோணலயே" என்றாள். அதனால்தான் இந்தச் சின்ன கோயிலுக்குக் கூட்டிக்கொண்டு போனேன். (எங்கள் பக்கத்தில் சர்ச்சைக் கோயில் என்றுதான் சொல்வோம், இங்கேயும் அப்படியே எழுதுகிறேன்.)

டாக்ஸியை விட்டு இறங்கியதும் அம்மா கேட்ட முதல் கேள்வி, "இவ்வளவுதானா?"

அவளைச் சொல்லிக் குற்றமில்லை. கோபுரம் கிடையாது. மேற்கு முகப்பின் உச்சியில் மணி தொங்க ஒரு சின்ன கல்மாடம், அவ்வளவுதான். சபையார் உட்கார ஒரு கூடம், அதைவிடக் கொஞ்சம் குறுகலாக ஒரு பகுதி, கடைசியில் திருமேசை இருக்கிற அரைவட்ட முனை. பெட்டிக்குள் பெட்டி மாதிரி மூன்றும் ஒன்றை ஒன்று தொடர்ந்து சிறுத்துக்கொண்டே போகின்றன. 1140 வாக்கில் கட்டியது, இந்த அமைப்பு இன்றுவரை மாறவில்லை. கட்டியவர் ஹியூ, பக்கத்துக் கோட்டைக்கு உரிமைக்காரர், பிரான்சிலிருந்து வந்து இங்கிலாந்தைப் பிடித்த நார்மன்களில் ஒரு பிரபு. 1134இலேயே இங்கிருந்த புனித தாவீது கோயிலை குளோஸ்டர் மடத்துக்குக் கொடுத்துவிட்டார். தாவீது வேல்ஸ்காரர்களின் புனிதர், ஆகவே நார்மன்கள் வருவதற்கு முன்பே இந்த இடத்தில் வேல்ஸ் மக்கள் ஜெபித்திருக்கிறார்கள். இன்றைக்கும் கோயிலின் பெயர் புனித மரியாள், புனித தாவீது என்று இரண்டையும் சேர்த்தே வருகிறது. எனக்கு அது பிடித்திருந்தது. ஜெயித்து வந்தவன் தோற்றவனின் சாமியார் பெயரை அழிக்காமல் விட்டிருக்கிறான்.

சரி, தெற்கு வாசலுக்கு வருவோம். ஊரே இதைப் பார்க்கத்தான் வருகிறது. செம்மணற்கல், இந்தப் பக்கத்து மண்ணின் நிறமே அதுதான். கதவுக்கு மேலே அரைவட்டக் கல்லில் ஒரு கொடி, திராட்சைக் குலைகளோடு, ஜீவவிருட்சம் என்கிறார்கள். இரண்டு பக்கமும் தூண்களில் பாம்புகள் ஒன்றின் வாலை ஒன்று கவ்விக்கொண்டு நெளிகின்றன. இடதுபுறத் தூணில் இரண்டு போர்வீரர்கள், கொடிக்குள் சிக்கிக்கொண்ட மாதிரி, காலில் கால்சட்டை! துணியின் மடிப்புக் கோடுகள் கூட அப்படியே தெரிகின்றன. வலதுபுறத் தூண் தலையில் ஒரு முகம், அதன் வாயிலிருந்து இலைக்கொடி புறப்பட்டு வருகிறது. கிட்டத்தட்ட 900 வருஷப் பழைய கல் என்று நம்பவே முடியவில்லை. உளி வைத்த இடம் இன்னும் கூர்மையாக இருக்கிறது.

இதைச் செதுக்கியவர்களின் பெயர் எங்கும் இல்லை. ஹெர்ஃபோர்ட்ஷர் சிற்பிகள் என்று பொதுவாகச் சொல்வார்கள். அதே கைகள் ஷோப்டன் என்கிற ஊர்க் கோயிலிலும் வேலை செய்திருக்கின்றன. அதைக் கட்டுவித்த ஆலிவர் டி மெர்லிமண்ட், ஸ்பெயினில் சந்தியாகோவுக்குத் திருயாத்திரை போய் வந்தவர். வழியில் பிரான்சில் பார்த்த கோயில்களின் சாயல் இங்கே இருக்கிறது என்று ஆய்வாளர்கள் பலர் நினைக்கிறார்கள். ஷோப்டன் கதையைக் கேட்டால் வயிறு எரியும். 1750களில் பழைய கோயிலை இடித்துப் புதிதாகக் கட்டி, சிற்ப வளைவுகளைத் தோட்டத்து மேட்டில் அழகுக்காக நிறுத்தினார்கள். மழை அவற்றை மொத்தமாகத் தேய்த்துவிட்டது. கில்பெக்கில் அந்த மாதிரி பணக்கார ரசனை யாருக்கும் வராமல் போனது கர்த்தருடைய கிருபை என்றே நினைக்கிறேன்.

அப்புறம் கூரைக்குக் கீழே சுவரைச் சுற்றிப் பார்க்க வேண்டும். சுவரிலிருந்து நீட்டிக்கொண்டு வரிசையாகத் தாங்குகற்கள், 85 இருக்கின்றன, ஒவ்வொன்றிலும் ஒரு உருவம். ஆட்டுக்கடா, பறவை, நரம்பு வாத்தியம் வாசிக்கிறவன், சிலுவை சுமந்த தேவ ஆட்டுக்குட்டி. ஒரு கல்லில் நாயும் முயலும் பக்கத்தில் பக்கத்தில், பெரிய கண்களோடு, சண்டை போட்டுவிட்டுச் சமாதானமான அண்ணன் தம்பி மாதிரி. கார்ட்டூன் படத்திலிருந்து இறங்கி வந்தவை என்று சொன்னால் யாரும் நம்புவார்கள். அம்மா அங்கேயே நின்று சிரித்தாள்.

அரைவட்ட முனையைச் சுற்றி வரும்போது எனக்குத்தான் சங்கடம். அங்கே ஷீலா நா கிக் என்கிற பெண் உருவம், கால்களை விரித்து, இரண்டு கையாலும் தன் மறைவிடத்தைத் திறந்து காட்டுகிறது. நான் வேகமாக நடந்தேன், அம்மா நின்றுவிட்டாள்.

"ஏல, இது என்னது?"

"அது… இச்சைக்கு எச்சரிக்கைன்னு சிலர் சொல்றாங்கம்மா. பிள்ளைப்பேறுக்கு வேண்டிக்கிறதுன்னும் சொல்றாங்க."

அவள் கொஞ்ச நேரம் அண்ணாந்து பார்த்துவிட்டு, "பிள்ளை பெத்தவளுக்கு இதுல என்ன வெக்கம்" என்று சொல்லிவிட்டு நடந்தாள். எச்சரிக்கை என்கிற விளக்கம் எனக்கு அதோடு போயிற்று.

உள்ளே இருட்டும் குளிர்ச்சியும். வாசலுக்கு வெளியே இருந்த சிற்பக் கும்பல் இங்கே இல்லை. நடு வளைவின் இரண்டு பக்கமும் ஒருவர் தலைக்கு மேல் ஒருவராக மூன்று மூன்று புனிதர்கள் நிற்கிறார்கள், சாவியை வைத்துப் பேதுருவை மட்டும் என்னால் கண்டுபிடிக்க முடிந்தது. ஒரு கல் தொட்டி இருக்கிறது, வயிற்றைக் கட்டிப் பிடித்த இரண்டு கைகள் போலச் செதுக்கியது, தீர்த்தம் வைக்க. திருமேசைக்கு மேலே கல்விட்டங்கள் நான்கு பக்கமிருந்தும் வந்து கூடுகிற இடத்தில் சின்னத் தலைகள். அம்மா முன் பெஞ்சில் உட்கார்ந்து கண்ணை மூடினாள். இங்கிலாந்துத் திருச்சபையும் எங்கள் சி.எஸ்.ஐ.யும் ஒரே ஆங்கிலிக்கன் ஐக்கியம்தான், அதனால் அந்நியமாகத் தோன்றவில்லை. பரமண்டல ஜெபத்தைத் தமிழில் மெதுவாகச் சொன்னோம். மிருகங்களையும் ஊரும் பிராணிகளையும் சேர்த்துத் துதிக்கக் கூப்பிட்ட சங்கீதக்காரனுக்கு இந்த ஊர் பிடித்திருக்கும் என்று ஓடியது மனசில்.

வெளியே மேற்கில் கோட்டை மேடு. ஜான் ராஜா வந்து தங்கிய கோட்டை, இப்போது புல்லும் இரண்டு துண்டுச் சுவரும்தான். பழைய ஊர் இருந்த இடமும் வயலில் மேடு பள்ளமாகக் கிடக்கிறது.

டாக்ஸி வர அரைமணி தாமதம். அந்த நேரத்தில் அம்மா மறுபடியும் ஒரு சுற்று சுற்றி, போனில் ஒரே ஒரு படம் எடுத்தாள். நாயும் முயலும். அதை ஊர்ச் சபைப் பெண்கள் வாட்ஸ்ஆப் குழுவுக்கு அனுப்பினாள். ஷீலாவை அனுப்பவில்லையா என்று கேட்டேன். "ஆயரும் அந்தக் குழுவுல இருக்காருல" என்றாள்.