தோரா-சான் ஊரில் அட்சுமியைத் தேடி

உயெனோவில் ரயில் ஏறியதும் எனக்குத் தூக்கம் வந்துவிட்டது. தகாசாகோவில் இறங்கி வண்டி மாற வேண்டும் என்று கைப்பேசியில் குறித்தெல்லாம் வைத்திருந்தேன். கண் விழித்தபோது தகாசாகோ பின்னால் போய்விட்டது. "என்னங்க, நீங்க பார்த்துக்குவீங்கன்னு நானும் தூங்கிட்டேன்" என்றாள் மனைவி. அடுத்த நிலையத்தில் இறங்கி, எதிர்த் திசை வண்டியில் திரும்பி வந்து, கனமாச்சி கிளைப் பாதையில் ஏறினோம். ஒரே ஒரு நிறுத்தம்தான். ஷிபாமாதா.

தோக்கியோவின் கிழக்கு ஓரத்தில், கட்சுஷிகா வட்டாரத்தில் இருக்கும் சின்ன ஊர் இது. நான் இங்கே வந்ததற்கு ஒரே காரணம் அட்சுமி கியோஷி என்ற நடிகர். 'ஓத்தோகோ வா ட்சுராய் யோ', அதாவது 'ஆம்பளையா இருக்கிறது கஷ்டம்டா', என்ற படவரிசையில் 1969 முதல் 1995 வரை 48 படங்களில் ஒரே பாத்திரமாக நடித்தவர். பாத்திரத்தின் பெயர் தோராஜிரோ, செல்லமாக தோரா-சான். ஊர் ஊராகத் திருவிழாக்களில் கடை விரிக்கும் நாடோடி வியாபாரி. எப்போதாவது தங்கை வீட்டுக்குத் திரும்புவார், ஒரு பெண்ணிடம் மனதைப் பறிகொடுப்பார், கைகூடாது, பெட்டியைத் தூக்கிக்கொண்டு மறுபடி கிளம்பிவிடுவார்.

"நாற்பத்தெட்டும் இதே கதையா?"

ஏறக்குறைய இதேதான் என்று ஒப்புக்கொண்டேன். நான் பார்த்தது அதில் பத்துப் பன்னிரண்டு இருக்கும்.

நிலையத்தை விட்டு வெளியே வந்ததுமே சிலை. தொப்பி, கட்டம் போட்ட கோட்டு, காலில் செருப்பு, கையில் பெட்டி. கிளம்பிப் போகிறவர் ஒரு கணம் நின்று திரும்பிப் பார்க்கிற மாதிரி. இது 1999இல் வைத்தது. அவர் யாரைத் திரும்பிப் பார்க்கிறார் என்பதற்குப் பதில் 2017இல்தான் வந்தது. அந்த ஆண்டு தங்கை சகுராவுக்கும் சில அடி தள்ளி ஒரு சிலை வைத்தார்கள். படங்களில் சகுராவாக நடித்தவர் பைஷோ சியெகோ. இரண்டு சிலைக்கும் நடுவில் நின்று மக்கள் படம் எடுத்துக்கொண்டிருந்தார்கள். தோராவின் செருப்புக் காலை மட்டும் தொட்டுத் தொட்டுப் பளபளப்பாக்கி வைத்திருக்கிறார்கள்.

எனக்கு ஒன்று உறுத்தியது. இது தோராவின் சிலை, அட்சுமியின் சிலை அல்ல. "நான் பிறந்ததும் வளர்ந்ததும் கட்சுஷிகா ஷிபாமாதா" என்று படத்துக்குப் படம் முழங்கிய மனிதர் உண்மையில் பிறந்தது நாங்கள் ரயில் ஏறிய உயெனோ பக்கம், 1928இல். இயற்பெயர் தாதோகோரோ யாசுவோ. அசாகுசாவில் ஆடையவிழ்ப்பு நடனக் கொட்டகை ஒன்றில், நடனங்களுக்கு இடையே நகைச்சுவை நாடகம் போடுகிறவராகத் தொழில் கற்றார். 1954இல் காசநோய் பிடித்தது. வலது நுரையீரலை எடுத்துவிட்டார்கள். இரண்டு வருடம் சானடோரியத்தில் கிடந்தார். வெளியே வந்தபின் சாராயம், சிகரெட், காப்பி எல்லாவற்றையும் விட்டார். மேடையில் உருண்டு புரண்டு சிரிக்க வைத்தவரால் இனி அப்படி உருள முடியாது. பேச்சையும் முகத்தையும் நம்பித்தான் பிழைக்க வேண்டும். தோரா மூச்சுவிடாமல் அளக்கும் அந்த வியாபாரப் பேச்சைக் கேட்கும்போதெல்லாம் அது ஒற்றை நுரையீரலிலிருந்து வருகிறது என்ற நினைப்பு எனக்கு வந்துவிடும்.

அவரைப் பெரிய ஆளாக்கியது தொலைக்காட்சிதான். 1961இல் தொடங்கிய என்எச்கேயின் இசை நகைச்சுவை நிகழ்ச்சி வீடு வீடாக அவர் முகத்தைக் கொண்டுபோனது. தோராவும் முதலில் ஃபுஜி தொலைக்காட்சியில் 1968 அக்டோபரில் தொடங்கிய 26 வாரத் தொடர்தான். கடைசி வாரத்தில் தோரா அமாமி தீவில் பாம்பு கடித்துச் செத்துப்போகிறார். நேயர்கள் கொதித்துப்போய் நிலையத்துக்குப் போன் மேல் போன் போட்டார்கள். சரி, சினிமாவில் உயிர்ப்பித்துவிடலாம் என்று எழுத்தாளரும் இயக்குநருமான யாமதா யோஜி 1969 ஆகஸ்டில் முதல் படத்தை வெளியிட்டார். ஆக, 48 படமும் செத்துப் பிழைத்தவரின் கதை!

நிலையத்திலிருந்து கோயில் வரை இருநூறு மீட்டர்ச் சன்னதித் தெரு. இரண்டு பக்கமும் பழைய மரக்கட்டடக் கடைகள், விலாங்கு மீன் சுடும் வாசனை, அரிசி வற்றல், பச்சை உருண்டைகள். அதில் ஒரு கடையின் பெயர் தோராயா. முதல் சில படங்களை இந்தக் கடையில் வைத்து எடுத்தார்கள். படத்தில் தோராவின் சித்தப்பா கடைக்கும் தோராயா என்றுதான் பெயர். அப்புறம் நிஜக் கடை தன் பழைய பெயரை விட்டுவிட்டுத் தோராயா ஆகிவிட, படக்காரர்கள் 40ஆவது படத்திலிருந்து தங்கள் கடையை குருமாயா என்று மாற்ற வேண்டி வந்தது. நிழலின் பெயரை நிஜம் வைத்துக்கொள்ள, நிழல் ஒதுங்கி வழிவிட்ட கதை.

தெரு முடிவில் தைஷாகுதென் கோயில். தைஷாகுதென் யார் என்று விசாரித்தால் நம்ம இந்திரன்! பௌத்தத்தோடு ஜப்பான் வரை வந்திருக்கிறார். உள்ளே சுற்றிலும் புண்டரீக சூத்திரம் என்ற பௌத்த நூலின் கதைகளை மரப்பலகையில் செதுக்கியிருக்கிறார்கள். இங்கே என் மனைவி ஒரு மணி நேரம் நகரவில்லை. கோயிலின் பெரிய குருக்களாகப் படங்களில் வந்தவர் ரியூ சிஷூ. உண்மையிலேயே கோயில் வீட்டில் பிறந்த பிள்ளை. 45 படங்கள் நடித்து 1993இல் காலமானார். அந்த வேடத்துக்கு வேறு ஆளைப் போடவில்லை.

ஆற்றங்கரையை ஒட்டி தோரா-சான் நினைவகம். ஓஃபுனா ஸ்டூடியோவில் இருந்த சித்தப்பா கடையின் செட்டை அப்படியே கொண்டுவந்து வைத்திருக்கிறார்கள். படத்தில் குடும்பமே சாப்பாட்டுக்கு உட்காரும் அந்தக் கூடம் நேரில் இவ்வளவு சின்னதா என்று நம்ப முடியவில்லை. இங்கேயும் தேடினேன். கோட்டு, பெட்டி, தொப்பி எல்லாம் தோராவுடையது. ஆப்பிரிக்காவுக்குப் போய் 1965இல் ஒரு படம் நடித்தவர், 1977இல் துப்பறியும் கிண்டாய்ச்சியாக வந்தவர், 'ஃபூதென்' என்ற புனைபெயரில் இருநூறுக்கு மேல் ஹைக்கூ எழுதியவர், அந்த அட்சுமியின் நிழல்கூட என் கண்ணில் படவில்லை. அவர் விரும்பியதும் அதுதான் என்று தோன்றுகிறது. குடும்பத்தை வெளியே காட்டியதே இல்லை. கூட நடித்தவர்கள் பலருக்கே வீடு எங்கே என்று தெரியாது.

கடைசிப் படங்களை நான் பார்த்தபோது ஒன்றும் புரியவில்லை. தோரா ஏன் எப்போதும் உட்கார்ந்தே இருக்கிறார், கதை ஏன் சகுராவின் மகன் பக்கம் போய்விட்டது என்று சலித்துக்கொண்டேன். புற்றுநோய் கல்லீரலில் தொடங்கி நுரையீரலுக்கு வந்திருந்தது, இருந்த ஒன்றுக்கு. 48ஆவது படத்தை அப்படித்தான் முடித்தார். தொலைக்காட்சியில் தோரா செத்த அதே அமாமிதான் அந்தப் படத்தின் களம். 1996 ஆகஸ்ட் 4 அன்று 68 வயதில் இறந்தார். செத்த முகத்தை யாருக்கும் காட்டாதே, எரித்த பிறகு சொல் என்று குடும்பத்திடம் சொல்லியிருந்தார். நாட்டுக்குச் செய்தி மூன்று நாள் கழித்துத்தான் தெரிந்தது.

எதோ என்பது ஆற்றின் பெயர், அதில் யாகிரி படகுத்துறை இருக்கிறது. துடுப்பு போடும் மரப்படகு, அக்கரை சிபா மாகாணம். முதல் படத்தில் இருபது வருடம் கழித்து ஊர் திரும்பும் தோரா இந்தப் படகில்தான் வருகிறார். அக்கரையில் காய்கறி வயல்கள்தான், பார்க்க ஒன்றுமில்லை. திரும்பி வருவதற்காகவே போய் வந்தோம்.

காலையில் கூட்டமாக இருந்ததால் விட்டுவிட்டுப்போன உருண்டைக் கடைக்கு நாலு மணி வாக்கில் வந்தோம். தகாகியா என்று பெயர். படப்பிடிப்பு நாட்களில் அட்சுமி ஓய்வெடுக்க வரும் கடை. யோமோகித் தழை, நம் மாசிபத்திரிக்கு ஒன்றுவிட்ட உறவு, அதை அரிசிமாவில் இடித்துச் சேர்த்துப் பிடித்த பச்சை உருண்டை, மேலே சிவப்புப் பயறு விழுது. இனிப்புக் கொழுக்கட்டையை உள்ளே வெளியே திருப்பிப் போட்ட மாதிரி இருந்தது.

பக்கத்து மேசை காலியாக இருந்தது. மனைவி பையை அங்கே வைக்கப் போனாள். நான் கையைப் பிடித்தேன். அவர் படத்தோடு, முன்பதிவு செய்த இடம் என்று பலகை வைத்திருந்தார்கள்.

"யாருக்கு?"

சொன்னேன். பையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள். அதற்குள் ஒரு பள்ளிக்கூடக் கூட்டம் உள்ளே நுழைந்து, இடமில்லாமல் வாசல் வரை நின்றது. நாங்கள் கிளம்புகிற வரை அந்த மேசையில் யாரும் உட்காரவில்லை.