ஆபீஸ் ஆட்டோமேஷன் பிராக்டிகல்: "மாற்றுக" என்றால் எதை, எவ்வளவு மாற்றுவது?

ஆபீஸ் ஆட்டோமேஷன் (கம்ப்யூட்டரில் அலுவலக வேலை) தேர்வு ரிசல்ட் வந்தாச்சு. வேகமாக டைப் அடிக்கிறவங்களுக்கும் வேர்டு பகுதியில், ஒரு சொல்லைத் தேடி மாற்றும் கேள்வியில் மார்க் குறைந்திருக்கிறது. சேலத்து இன்ஸ்டிட்யூட்கள் பலவற்றில் "கண்ட்ரோல் ஹெச் (தேடி மாற்றும் பெட்டி), ரீப்ளேஸ் ஆல் (எல்லாவற்றையும் மாற்று)" என்பதோடு பாடம் முடிந்துவிடுகிறது. மார்க் போவது அதற்குப் பிறகுதான்.

ஏற்காடு பற்றிய ஒரு பத்தி வந்திருக்கிறது, "'மலை' என்பதைக் 'குன்று' என மாற்றுக" என்று கேள்வி. வேறு விளக்கம் கிடையாது. ரீப்ளேஸ் ஆல் கொடுத்தால் "மலையில்" என்பது "குன்றுயில்" ஆகும், திருவண்ணாமலை "திருவண்ணாகுன்று" ஆகும், "மலைத்து நின்றனர்" என்பது "குன்றுத்து நின்றனர்" ஆகும்.

கம்ப்யூட்டரைத் தொடும் முன் வினாத்தாளில் அந்தச் சொல்லைப் பென்சிலால் வட்டமிட்டு எண்ணுங்கள். மாற்ற வேண்டியது எத்தனை, கூடாதது எத்தனை என்று ஓரத்தில் குறியுங்கள். கடைசியில், கீழே உள்ள 2, 3, 4 படிகளில் வேர்டு காட்டும் எண்ணிக்கைகளின் கூட்டுத்தொகை, மாற்ற வேண்டியது என்று குறித்த எண்ணோடு ஒத்துப்போக வேண்டும். இல்லையென்றால் கண்ட்ரோல் இசட். ஒரு ரீப்ளேஸ் ஆல் முழுவதையும் ஒரே அழுத்தில் திருப்பிவிடும். மற்றதெல்லாம் மறந்தாலும் இதை மறக்காதீங்க.

மாற்றும் வரிசை:

1. தொடக்கூடாததை, பத்தியில் எங்கும் வராத "ழழழ" போட்டு தற்காலிகமாக ஒளித்து வையுங்கள்: "திருவண்ணாமலை" → "திருவண்ணாழழழ", "மலைத்து" → "ழழழத்து".
2. "மலையி" → "குன்றி". மலையில், மலையின், மலையிலிருந்து மூன்றும் இதிலேயே சரியாகிவிடும்.
3. "மலையை" → "குன்றை".
4. அதன் பிறகே "மலை" → "குன்று".
5. "ழழழ" → "மலை".

நீளமானது முன்னால், குட்டையானது பின்னால். சேலம், ஏற்காடு இரண்டையும் ஒன்றுக்கொன்று இடம் மாற்றச் சொன்னாலும் இதே "ழழழ" இடைத்தங்கலாக வேண்டும். நேரடியாகச் செய்தால் இரண்டாவது மாற்றம் முதலாவதையும் விழுங்கிவிடும். "சேலத்தில்", "ஏற்காட்டில்" என்ற வடிவங்களைத் தனியாகத் தேட வேண்டும். "சேலம்" என்று தேடினால் "சேலத்தில்" அகப்படாது.

"முதல் பத்தியில் மட்டும்" என்றிருந்தால் அந்தப் பத்தியை செலக்ட் செய்துவிட்டு மாற்றுங்கள். மீதியிலும் தேடவா என்று வேர்டு கேட்கும், நோ. அவசரத்தில் யெஸ் தட்டுகிறவங்கதான் அதிகம். இடம் எதுவும் சொல்லாவிட்டால் தலைப்பையும் சேர்த்து மாற்றுவதே பாதுகாப்பு.

"மாற்றி அடிக்கோடிடுக" என்றால் கர்சர் ரீப்ளேஸ் வித் பெட்டியில் இருக்கும்போது கண்ட்ரோல் யு. ஃபைண்ட் வாட் பெட்டியில் அழுத்தினால் ஏற்கெனவே அடிக்கோடிட்ட சொற்களை மட்டும் தேடி, பூஜ்யம் என்று வரும். அடுத்த கேள்விக்குப் போகும் முன் இரண்டு பெட்டியிலும் நோ ஃபார்மேட்டிங் அழுத்துங்கள். ஃபைண்ட் வாட் பெட்டியில் பழைய ஃபார்மேட் ஒட்டிக்கொண்டிருந்தாலும் அதே பூஜ்யம்தான்.

"நீக்குக" என்றால் ரீப்ளேஸ் வித் பெட்டி காலி. சொல் போன இடத்தில் இரட்டை ஸ்பேஸ் நிற்கும். இரண்டு ஸ்பேஸைத் தேடி ஒன்றாக்குங்கள், பூஜ்யம் வரும்வரை.

இங்கிலீஷ் பத்தியில் மேட்ச் கேஸ் (பெரிய, சிறிய எழுத்தைப் பிரித்துப் பார்ப்பது), ஹோல் வேர்ட்ஸ் (முழுச் சொல்லை மட்டும் தேடுவது) இரண்டும் உதவும். தமிழில் ஹோல் வேர்ட்ஸை நம்பி நிம்மதியாக இருக்காதீங்க; ஃபைண்ட் நெக்ஸ்ட் கொடுத்து ஒவ்வொன்றாகப் பாருங்கள். "ஊட்டி"யை "உதகை" ஆக்கப்போய், குழந்தைக்குச் சோறு ஊட்டினவள் "உதகைனவள்" ஆகிவிடுவாள்.

கண்ணெதிரே சொல் இருந்தும் பூஜ்யம் வந்தால் எழுத்துருவைப் பாருங்கள். பாமினி என்ற பழைய எழுத்துருவில் அடித்த பத்தியில், யூனிகோட் (இப்போதைய பொதுவான எழுத்து முறை) சொல் கிடைக்காது. யூனிகோடிலேயே "கொ"வில் ககரத்தோடு சேரும் குறி ஒன்றாகவும் இருக்கலாம், கொம்பும் காலும் தனித்தனியாகவும் இருக்கலாம். பத்தியிலிருந்தே அந்தச் சொல்லை காப்பி எடுத்து ஃபைண்ட் வாட் பெட்டியில் ஒட்டிவிட்டால் இரண்டு சிக்கலும் தீரும்.