சப்பாத்து, பாண், குசினி: லிஸ்பன் நாட்குறிப்பு

2024 ஜூன் 5, புதன்

பாரிஸிலிருந்து இரண்டரை மணி நேரப் பறப்பு. அம்மாவுக்கு யன்னலோரம் இடம் கிடைத்தது. விமானம் பதியும்போது தேஜு ஆற்றைப் பார்த்துவிட்டு "உது கடலோ ஆறோ, பிள்ளை?" என்று கேட்டார். ஆறுதான். லிஸ்பனுக்குப் பக்கத்தில் கடல் போல அகன்று கிடக்கிறது.

அம்மா விசா எடுத்து யாழ்ப்பாணத்திலிருந்து என்னிடம் வந்து ஒரு மாதமாகிறது. பாரிஸுக்கு அடுத்ததாக எந்த ஊரைக் காட்டலாம் என்று யோசித்தபோது எனக்கு இந்த ஊர்தான் வந்தது. அம்மா பருத்தித்துறையில் பிறந்தவர். ஆங்கில வரைபடங்களில் அந்த ஊருக்கு இருக்கும் 'பொயின்ட் பீட்ரோ' என்ற பெயர், போர்த்துக்கேயர் வைத்த 'பொன்டா தாஸ் பெத்ராஸ்' என்பதிலிருந்து வந்தது. கற்பாறை முனை என்று பொருள். தன் ஊருக்குப் பெயர் வைத்தவர்களின் ஊரை அம்மா ஒருமுறை பார்க்க வேண்டும் என்று ஆசைப்பட்டேன்.

இரவு களைப்பு. கொண்டுவந்த பருத்தித்துறை வடையும் தேத்தண்ணியும்தான் சாப்பாடு.

2024 ஜூன் 6, வியாழன்

இந்த ஊர்த் தெருக்கள் சின்னச் சின்னச் சுண்ணாம்புக் கற்களால் பாவப்பட்டவை. நூறு வருடமாக ஆட்கள் நடந்து நடந்து கல்லெல்லாம் வழவழத்துவிட்டது. றோசியோ சதுக்கத்தில் கறுப்பும் வெள்ளையுமாக அலை அலையாகப் பதித்திருக்கிறார்கள். அதைப் பார்த்துக்கொண்டே நடந்த அம்மாவின் செருப்பு சறுக்கிவிட்டது. நான் கையைப் பிடித்தேன், விழவில்லை. ஆனால் வழிகாட்டியோடு கடை கடையாக நடந்து சாப்பிட்டுப் பார்க்கும் 'சாப்பாட்டு நடை' ஒன்றைப் பதிந்திருக்கிறேன், மூன்றரை மணி நேரம். இந்தச் செருப்போடு அதற்கு அவரைக் கூட்டிப் போக முடியாது.

கீழ்த் தெருவில் ஒரு கடைப் பலகையை அம்மாதான் முதலில் எழுத்துக் கூட்டினார். "ச-ப-த-ரி-யா." நின்றுவிட்டார். "இது சப்பாத்துக் கடையோ?" ஆம், சப்பாத்துக் கடைதான். உள்ளே இருந்த வயதான மனிதர் ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு "கதெய்ரா" என்றார். அம்மா என்னைத் திரும்பிப் பார்த்தார். "கதிரை எண்டுதானே சொல்லுறார்?" பிறகு அவர் கையிலிருந்ததைக் காட்டி "சபாத்து" என்றார். மொழிபெயர்க்க நான் தேவைப்படவில்லை. அம்மா தன் அளவை விரலால் காட்டி, ரப்பர் அடி போட்ட ஒரு சோடி வாங்கினார்.

எங்கள் பேச்சில் போர்த்துக்கேயச் சொற்கள் கிடக்கின்றன என்று எனக்குப் பள்ளிக்கூடத்திலேயே தெரியும். சோதனைக்கு ஒரு பட்டியலாகப் பாடமாக்கியிருக்கிறேன். அந்தச் சொல்லை அதற்கு உரியவர் வாயிலிருந்து கேட்டு, அதன்படி அம்மா கதிரையில் இருந்ததைப் பார்த்தது அந்தப் பாடத்தில் இல்லாத ஒன்று.

மாலையில்தான் ஞாபகம் வந்தது, சாப்பாட்டு நடையை நாளைக்குப் பதிந்திருக்கிறேன். நாளை வெள்ளிக்கிழமை. அம்மா வெள்ளியில் மச்சம் தொடமாட்டார். உடனே எழுதிக் கேட்டேன். சனிக்கிழமைக்கு மாற்றித் தந்தார்கள்.

2024 ஜூன் 7, வெள்ளி

மரக்கறி நாள். இந்த ஊரில் அது சுலபமில்லை. 'கல்து வெர்த்' என்ற கீரை சூப்பைத்தான் நம்பியிருந்தேன்: உருளைக்கிழங்கை அவித்து மசித்து, பச்சைக் கோவா இலையை மயிர் போல மெல்லியதாக அரிந்து போட்டது. மேலே ஒரு துண்டு பன்றித் தொத்திறைச்சி மிதக்க வரும். அதை எடுத்துவிட்டால் சரி என்று கடைக்காரர் சொன்னார். அம்மாவுக்குச் சரியில்லை. கடைசியில் மொராரியா என்ற பழைய பகுதியில் வங்காளதேசத்தவர் ஒருவரின் கடையில் சோறும் பருப்பும் கிடைத்தன.

தெருவெல்லாம் வண்ணக் கடதாசித் தோரணம். 12ஆம் தேதி இரவு அந்தோனியார் திருநாள். அதற்காக மூலைக்கு மூலை மீன் சுடும் அடுப்பு வைக்கிறார்கள். சிறு சட்டிகளில் ஒரு செடி விற்கிறார்கள், 'மஞ்செரிக்கு' என்று பெயர். உருண்டையாக வெட்டிவிட்ட குட்டி இலைச் செடி, எங்கள் திருநீற்றுப்பச்சையின் உறவு. காதலிக்குக் கொடுப்பதற்காக அதில் ஒரு கடதாசிப் பூவும் நாலு வரிப் பாட்டும் செருகியிருக்கும். நான் குனிந்து மணக்கப் போனேன். விற்ற பெண் பதறித் தடுத்தார். மூக்கை வைக்கக் கூடாதாம், செடி பட்டுவிடுமாம். கையால் தடவி, கையைத்தான் மணக்க வேண்டும். "சாமிக்கு வைக்கிற பூவை ஆரும் மணப்பினமோ?" என்று அம்மா என்னைக் கடிந்தார். அந்தப் பெண்ணுக்கு அம்மா சொன்னது விளங்கவில்லை, ஆனாலும் இருவரும் ஒரே பக்கம் நின்றார்கள்.

2024 ஜூன் 8, சனி

காலை பத்து மணி, ஃபிகெய்ரா சதுக்கத்தில் குதிரைச் சிலையடி. எங்களோடு பத்துப் பேர். வழிகாட்டி முப்பது வயது மதிக்கத்தக்க பெண், மொராரியாவில் பிறந்து வளர்ந்தவர். அம்மா பன்றியும் மாடும் சாப்பிடமாட்டார், குடிக்கமாட்டார் என்று முன்னமே எழுதியிருந்தேன். ஒவ்வொரு நிறுத்தத்திலும் அம்மாவுக்கு வேறொன்று ஆயத்தமாக இருந்தது. இதை நான் பெரிதாகச் சொல்வேன்; பல இடங்களில் இப்படிக் கேட்டால் ஒரு கிண்ணம் சலாட் தருவதோடு முடித்துவிடுவார்கள்.

முதல் இடம் சாவ்ங் தொமிங்குஸ் (புனித தோமினிக்) கோவில் முன்னிருக்கும் சின்னச் சதுக்கம். அங்கே 1840 முதல் இருக்கும் ஒரு கடை, உள்ளே நாலு பேர் நிற்கத்தான் இடம். புளிப்புச் செர்ரிப் பழத்தை மதுவிலும் சீனியிலும் ஊறவைத்த 'ஜிஞ்ஜிஞ்யா' மட்டுமே விற்கிறார்கள். "பழத்தோடா, பழமில்லாமலா" என்பது ஒன்றுதான் கேள்வி. காலை பத்தரைக்கே ஊர்க்காரக் கிழவர்கள் ஒரு சிறு கிளாஸ் குடித்து, கொட்டையைத் துப்பிவிட்டுப் போகிறார்கள்.

பிறகு வழிகாட்டி எங்களைப் பத்து அடி தள்ளி ஒரு கல்லுக்கு முன் நிறுத்தினார். தாவீதின் நட்சத்திரம் பொறித்த நினைவுக்கல். 1506 ஏப்ரலில் இந்தக் கோவிலில் தொடங்கிய கலவரம் மூன்று நாள் நடந்தது. பஞ்சமும் கொள்ளைநோயும் இருந்த நேரம். பலவந்தமாக மதம் மாற்றப்பட்ட யூதர்களைத் தெருத் தெருவாகத் தேடிக் கொன்றார்கள். ஆயிரக்கணக்கில் செத்தார்கள். கோவிலுக்குள்ளும் போனோம். 1755 பூகம்பத்தில் இடிந்து திரும்பக் கட்டியது, 1959இல் எரிந்தது. எரிந்த தூண்களை மறைக்காமல் வெடிப்போடும் கருகலோடும் அப்படியே விட்டிருக்கிறார்கள். அம்மா ஒரு தூணைத் தொட்டுப் பார்த்தார். ஒன்றும் சொல்லவில்லை. எங்கள் ஊரில் அப்படிப்பட்ட சுவர்களை நாங்கள் நிறையவே தொட்டிருக்கிறோம்.

அடுத்த கடையில் மேசைக்கு வந்தது 'அல்யெய்ரா' என்ற தொத்திறைச்சி. அந்தக் கல்லைப் பார்த்துவிட்டு நேரே இங்கே கூட்டிவந்ததற்குக் காரணம் இருந்தது. அக்காலத்தில் ஒரு வீட்டில் பன்றித் தொத்திறைச்சி தொங்கவில்லை என்றால் அயலவருக்குச் சந்தேகம் வரும். அதனால் மாறிய யூதர்கள் கோழியையும் பாணையும் உள்ளியோடு பிசைந்து குடலில் அடைத்து, பன்றிபோலத் தோன்றத் தொங்கவிட்டார்கள் என்பது இங்கே வழிவழியாகச் சொல்லும் கதை. இப்போது பல கடைகளில் பன்றியும் சேர்ப்பார்களாம். இது கோழி மட்டும் போட்டது என்று உறுதிசெய்துவிட்டுத்தான் வழிகாட்டி அம்மாவின் தட்டில் வைத்தார். வெளியே மொறுமொறுப்பு, உள்ளே களி மாதிரி மெது. உள்ளி தூக்கலாக இருந்தது. அம்மா முழுவதையும் சாப்பிட்டார். "உயிரைக் காப்பாத்தின சாப்பாடு, மிச்சம் வைக்கக் கூடாது" என்றார்.

இங்கேதான் அது நடந்தது. பரிமாறியவர் ஒரு கூடையை வைத்து "பாவ்ங்" என்றார், மூக்கால். "பாண்!" என்றார் அம்மா, கொஞ்சம் சத்தமாகவே. மேசையில் எல்லோரும் திரும்பினார்கள். நான் வழிகாட்டிக்கு விளங்கப்படுத்தினேன்: எங்கள் வீட்டில் இதற்குப் பாண் என்றுதான் பெயர், சமைக்கும் அறை குசினி, துடைக்கும் துணி துவாய், கைக்குட்டை லேஞ்சி, உடுப்பு வைப்பது அலுமாரி. அவர் ஒவ்வொன்றையும் தன் மொழியில் திருப்பிச் சொன்னார்: குசீஞ்யா, துவால்யா, லென்சு, அர்மாரியு. "இவையெல்லாம் எப்படி உங்களிடம் வந்தன?" என்று கேட்டார். உண்மையிலேயே தெரியாமல்தான் கேட்டார். இந்தியாவின் கோவாவைப் பற்றிப் படித்திருக்கிறார், யாழ்ப்பாணத்தைக் கேள்விப்பட்டதில்லை.

நான் தயங்கினேன். அம்மா தயங்கவில்லை. "சொல்லு பிள்ளை. நாப்பது வருசம் ஆண்டவங்கள், நல்லூர்க் கோயிலை இடிச்சவங்கள் எண்டு சொல்லு. அவ இவ்வளவும் மறைக்காமச் சொன்னவ. நாங்களும் சொல்லலாம்." சொன்னேன். 1619 முதல் 1658 வரை. கடைசி அரசன் சங்கிலியைக் கோவாவுக்குக் கொண்டுபோய்க் கொன்றதையும் சொன்னேன். அவர் குறுக்கே பேசவில்லை, சமாதானமும் சொல்லவில்லை. ஒரு சின்னப் புத்தகத்தை எடுத்து 'நல்லூர்' என்பதை எப்படி எழுதுவது என்று கேட்டு எழுதிக்கொண்டார். இந்த நடைக்குக் கொடுத்த காசு அந்த ஒரு வரிக்கே போதும்.

பிறகு மொராரியா ஏற்றம். 1147இல் ஊரைப் பிடித்த அரசன் முஸ்லிம்களை ஒதுக்கிவைத்த பகுதி, பெயருக்கே 'மூர்களின் இடம்' என்றுதான் பொருள். இன்றும் வந்தேறியவர்களின் இடம். ஒரு கடையில் 'சமூசா' தந்தார்கள். கோவாவிலிருந்தும் மொசாம்பிக்கிலிருந்தும் வந்தவர்கள் கொண்டுவந்தது, இப்போது ஊரில் எந்தக் கோப்பிக் கடையிலும் கிடைக்கிறது. மற்றவர்களுக்குப் பன்றி இறைச்சி வைத்த 'பிஃபானா' பாண். வைனிலும் உள்ளியிலும் ஊறப்போட்டுச் சமைப்பது. அந்த 'வீஞ்யா தால்யுஸ்'தான் கோவாவில் விண்டலூ ஆனது. அம்மாவுக்கு உப்பு மீனும் உருளைக்கிழங்கும் பிசைந்து பொரித்த உருண்டை. ஒரு கடி கடித்துவிட்டு "எங்கட கட்லட்" என்றார். மிளகாய்த் தூள் இல்லாத குறையையும் சொன்னார்.

இறங்கி ஆற்றுப் பக்கம் வந்தால் பக்கல்யுவெய்ருஸ் தெரு. உப்புமீன்காரர் தெரு என்று பொருள். அங்கே 1930 முதல் இருக்கும் ஒரு மீன் டப்பாக் கடையில், ஒவ்வொரு ரின்னையும் கையாலேயே கடதாசி சுற்றிக் கட்டுகிறார்கள். உள்ளே சூடை மீன், ஒலிவ் எண்ணெயில். மற்றவர்கள் படம் எடுத்தார்கள். அம்மா ஒரு ரின்னை உள்ளங்கையில் வைத்துப் பார்த்துக்கொண்டே நின்றார். "தொண்ணூற்றைஞ்சில தென்மராட்சியில இருந்தேக்க, ஒரு ரின்மீன் கிடைச்சா ஆறு பேருக்குக் குழம்பு வைப்பன்." போரில் யாழ்ப்பாணத்தை விட்டு இடம்பெயர்ந்த வருடம் அது. நான் அந்த ஆறு பேரில் ஒருத்தி. மூன்று ரின் வாங்கினோம்.

முடிவில் உப்புமீன் கடை. விறகுக்கட்டை மாதிரி அடுக்கி வைத்திருக்கிறார்கள், அறுக்க வாள். வேடிக்கை என்னவென்றால் அந்தக் கொட் மீன் இந்த நாட்டுக் கடலில் இல்லை. நூற்றாண்டுக் கணக்காக நியூஃபவுண்ட்லாந்துக் கடல் வரை போய்ப் பிடித்து உப்பிட்டு வந்தார்கள். இப்போது பெரும்பாலும் நோர்வேயிலிருந்து வருகிறது. மாமிசம் விலக்கிய விரத நாட்களுக்குக் கெடாத மீன் வேண்டியிருந்தது, அப்படித்தான் வீட்டுக்கு வீடு நுழைந்தது. அம்மா ஒரு கிலோ தடித்த துண்டு வாங்கினார். எப்படி ஊறவைப்பது என்று வழிகாட்டி சொல்ல, நான் எழுதினேன்: இரண்டு நாள், குளிர்பெட்டிக்குள், தோல் மேலே இருக்க வேண்டும், அப்போதுதான் உப்பு கீழே இறங்கும். தண்ணீரை அடிக்கடி மாற்ற வேண்டும்.

பிரியும்போது அம்மா பையிலிருந்து ஒரு பொதி வடையை எடுத்து அவர் கையில் வைத்தார். "பொன்டா தாஸ் பெத்ராஸ்" என்றார், காலையிலிருந்து பாடமாக்கியதுபோல. அவர் ஒன்றைக் கடித்தார். உறைப்பில் கண் கலங்கியது. "சாப்பிடு பிள்ளை, அந்த மிளகாயும் உங்கட ஆக்கள் கொண்டந்ததுதான்." அதை நான் மொழிபெயர்த்தபோது அவர் அம்மாவைக் கட்டிப்பிடித்தார்.

2024 ஜூன் 9, ஞாயிறு

பெலேம். ஜெரோனிமுஸ் மடாலயத்தின் கல் வேலைப்பாடு சொல்லி முடியாது. 1501இல் தொடங்கிய கட்டடம். கிழக்கிலிருந்து வந்த மிளகு முதலான சரக்குகளுக்குப் போட்ட இருபதில் ஒரு பங்கு வரியில் எழுந்தது. வாஸ்கோ ட காமாவின் கல்லறை உள்ளே. அம்மா அதன் பக்கம் நிற்காமல் நடந்தார்.

பக்கத்தில் 1837 முதல் முட்டைப் பாலேடு பணியாரம் செய்யும் கடை. சுடச்சுட வந்தது, மேலே தூவ ஒரு குப்பியில் கறுவாத் தூள். அதற்காகத்தானே 16ஆம் நூற்றாண்டில் இலங்கைக்குக் கப்பல் விட்டார்கள். அம்மா மணந்து பார்த்து, "எங்கட கறுவாயின்ட வாசம் இதில இல்லை" என்று தீர்ப்புச் சொன்னார். இரண்டு சாப்பிட்டார்.

திரும்பும்போது அவரிடம் ஒன்று சொன்னேன்: 1554இல், தமிழ் எழுத்து அச்சில் வார்க்கப்படும் முன்னமே, ரோமன் எழுத்தில் ஒரு தமிழ் மறைநூல் அச்சானது இந்த ஊரில்தான். "அப்ப நாங்களும் இவங்களுக்குச் சொல்லுக் குடுத்திருப்பம்" என்றார்.

2024 ஜூன் 11, செவ்வாய்

பாரிஸ். உப்புமீன் நேற்றுக் காலை முதல் குளிர்பெட்டிக்குள், தோல் மேலே. நாளைக்குப் பழப்புளி, யாழ்ப்பாணத் தூள், முருங்கைக்காய் போட்டுக் குழம்பு. வழிகாட்டிக்குப் படம் அனுப்புவதாகச் சொல்லியிருக்கிறேன்.

இரவு பதினொன்று. அம்மா குசினியில் விளக்கைப் போட்டு, விரலால் தண்ணீரைத் தொட்டு நாக்கில் வைத்துப் பார்க்கிறார். ஐந்தாவது தரம்.

"இன்னும் உப்பு நிக்குது, பிள்ளை. இன்னொருக்காத் தண்ணி மாத்து."