தையல்சிட்டு என்று நினைத்தது

ஜூலை 3
சாரல் விட்டு விட்டுப் பெய்கிறது. தென்காசியில் இந்த மாதம் துணி காயாது, மற்றபடி குறை ஒன்றும் இல்லை. புறவாசல் கத்தரிப் பாத்தியில் களை எடுக்கப் போனேன். முழங்காலுக்குச் சற்று மேலே நிற்கும் செடி ஒன்றில் இரண்டு இலைகள் ஓரம் சேர்ந்து ஒட்டியிருந்தன. புழு சுருட்டிய இலை என்று கிள்ளப் போய்விட்டேன். கிட்டே பார்த்தால் தையல்! ஓரத்தில் ஊசி குத்தினாற்போல் வரிசையாகத் துளைகள், துளைக்குத் துளை வெள்ளையாகச் சிலந்தி நூல். தையல்சிட்டேதான். களை எடுத்தது போதும் என்று திரும்பிவிட்டேன்.

ஜூலை 5
அடுப்படி ஜன்னலில் இருந்து கூடு தெரிகிறது. குருவி வாலைச் செங்குத்தாக நிமிர்த்திக்கொண்டு, செடிக்குச் செடி தத்தி வருகிறது. தையல்சிட்டும் வாலை இப்படித்தான் வைத்துக்கொள்ளும். ஆனால் ஒன்று இடிக்கிறது. தையல்சிட்டுக்கு முதுகு இலைப்பச்சையாக, நெற்றி செம்பழுப்பாக இருக்க வேண்டும். இதன் உடம்பில் பச்சை மருந்துக்கும் இல்லை. மழை வெளிச்சத்தில் நிறம் மாறித் தெரிகிறது என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன்.

ஜூலை 6
சமாதானம் ஒரு நாள்கூடத் தாங்கவில்லை. காலையில் அது பாத்தியைத் தாண்டிப் பறந்தபோது 'சட் சட் சட்' என்று ஒரு சத்தம், ஈரம் பட்ட சுவிட்சில் பொறி தட்டுவது போல. தையல்சிட்டு அப்படிப் பொறி தட்டாது. அத்தானிடம் பைனாகுலர் வாங்கிப் பார்த்தேன். சாம்பல் கதிர்க்குருவி.

தலையும் முதுகும் அடுப்புச் சாம்பல். வயிறு வெளிறிய காவி. அலகு கறுப்பு, சின்னது. வால் படிப்படியாக நீண்டு, நுனிகளில் கறுப்புப் பொட்டு வைத்திருக்கிறது. வாலையும் சேர்த்தே 13 செ.மீ.தான். வடக்கே இருப்பவை பருவத்துக்குப் பருவம் சட்டை மாற்றுமாம். குளிர்காலத்தில் முதுகு பழுப்பாகி, கண்ணுக்கு மேலே ஒரு வெள்ளைக் கோடு வரும். நம் பக்கத்தில் வருஷம் முழுக்க இதே சாம்பல்தான். இலை தைக்கிற குருவி என்றால் தையல்சிட்டு மட்டும்தான் என்று இத்தனை வருஷம் நம்பியிருக்கிறேன்!

பொறிச் சத்தம் சிறகில் இருந்து வருகிறது என்பதுதான் பொதுவான கருத்து. அலகை அடிப்பதால் வருகிறது என்பாரும் உண்டு. எத்தனை தடவை பார்த்தும் எனக்குப் பிடிபடவில்லை, அவ்வளவு வேகம்.

ஜூலை 11
ஜோடிக் குருவிகள் இரண்டும் வெளியே போயிருந்த நேரம், அப்பாவின் சவரக் கண்ணாடியைக் குச்சியில் கட்டி, கூட்டின் பக்கவாட்டு வாசலில் நீட்டினேன். நாலு முட்டை. புளியங்கொட்டையை எண்ணெய் தேய்த்து அடுக்கியது மாதிரி, செங்கல் சிவப்பில் மினுமினுப்பு. அகன்ற முனையில் நிறம் இன்னும் அடர்த்தி. அளவும் ஏறக்குறைய புளியங்கொட்டைதான். தையல்சிட்டு முட்டையில் புள்ளி இருக்கும், இந்த மினுக்கம் இருக்காது. அடியில் மெல்லிய முடி பரப்பியிருந்தது.

பக்கத்து வீட்டு ஆச்சி சுவர் மேலாகப் பார்த்துவிட்டாள். "அதுக்குப் போயி கண்ணாடி காட்டுதியே, குருவி கோவிச்சுக்கிட்டுப் போயிரும்." அதெல்லாம் ஒன்றும் ஆகாது ஆச்சி என்றேன்.

ஜூலை 14
அடை காப்பதில் ஆணும் பெண்ணும் மாற்றி மாற்றி உட்காருகின்றன. சும்மா இருப்பது வெண்டைச் செடிக்குள் புகுந்து இலையின் அடிப்பக்கமாகப் பூச்சி பொறுக்குகிறது. புழு, சின்ன வண்டு, அகப்பட்டால் சிலந்தி. தரையிலும் இறங்கித் தத்துகிறது. காலில் நல்ல பலம். பறப்பதுதான் பரிதாபம். குட்டைச் சிறகை அடித்துக்கொண்டு, வாலை மேலும் கீழும் ஆட்டி, இப்போது விழுந்துவிடும் போலப் போகிறது. நடுநடுவே வேலிக்கம்பத்தில் ஏறி 'ச்சுப் ச்சுப் ச்சுப்' என்று ஓயாமல் ஒரே அடியைப் பாடுகிறது. இதைப் பாட்டு என்று சொல்வது நம் பெருந்தன்மை.

1832-ல் சைக்ஸ் என்ற பட்டாளத்து அதிகாரி இதற்கு 'பிரினியா சோசியாலிஸ்' என்று பெயர் வைத்தார். கூடிப் பழகுவது என்று அர்த்தம். எதைப் பார்த்து வைத்தாரோ! நான் பார்த்தவரை ஒற்றையாகவோ ஜோடியாகவோ தவிர இது இருந்ததில்லை.

ஜூலை 17
வேப்பமரத்தில் சாம்பல் வயிற்றுச் சிறுகுயில் கத்துகிறது. கதிர்க்குருவிக் கூட்டில் முட்டையிடுகிற ஜாதி. மனசு சரியில்லை, இன்னொரு தடவை கண்ணாடி நீட்டிப் பார்த்தேன். அதே நாலுதான்.

ஜூலை 19
காலை ஆறரைக்கு இரண்டும் ஒரேயடியாகக் கத்தின. ஓடிப் போவதற்குள் செம்போத்து பாத்தியில் இருந்து எழும்பிப் போனது. தையல் பிரிந்து இலை ஒன்று தொங்கியது. மண்ணில் சிவப்பாக ஓட்டுத் துண்டு ஒன்று. இன்னும் நாலைந்து நாளில் பொரித்திருக்கும்.

கத்தரிச் செடிகளுக்கு நடுவே நான் இரண்டு தடவை போய் வந்ததில் ஒரு தடமே விழுந்திருக்கிறது. செம்போத்துக்கு அது வழி காட்டியதா என்று தெரியாது. ஆச்சியிடம் இன்னும் சொல்லவில்லை.

ஜூலை 22
மூன்று நாளாக ஜன்னல் பக்கமே போகவில்லை. இன்று பாத்திரம் கழுவும்போது அந்தப் பொறிச் சத்தம். ஒன்று பழைய கூட்டில் தொங்கிக்கொண்டு, நூலையும் நாரையும் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தது. வாய் நிறைய எடுத்துக்கொண்டு வெண்டைப் பாத்திக்குள் போனது. கொஞ்ச நேரத்தில் திரும்பி வந்து மறுபடி இழுத்தது. பழைய வீட்டைப் பிரித்துப் புது வீடு கட்டுகிறது.

இனிமேல் வெண்டைக்காய் கடையில்தான் வாங்க வேண்டும். கண்ணாடியைக் குச்சியில் இருந்து அவிழ்த்து அப்பாவின் சவரப் பெட்டியிலேயே வைத்துவிட்டேன்.