வாட்டர்லூ தெருவில் கிருஷ்ணன்

சிங்கப்பூர் வாட்டர்லூ தெருவில் ஸ்ரீ கிருஷ்ணன் கோயிலும் குவான் இம் ஆலயமும் பக்கத்தில் பக்கத்தில் இருக்கின்றன. கிருஷ்ணன் 1870-இல் ஆலமரத்தடியில் குடியேறியவர். குவான் இம் ஆலயம் 1884-இல் வந்தது. சற்றுத் தள்ளி யூதர்களின் தொழுகைக் கூடமும் உண்டு, 1878-இலிருந்து. நாகப்பட்டினத்திலிருந்து வந்திருந்த அம்மாவோடு நான் போன அன்று சீன நாட்காட்டியில் பதினைந்தாம் நாள். பௌர்ணமிக் கூட்டம். பூக்கடைகளைத் தாண்டி நகரவே நேரம் பிடித்தது.

கிருஷ்ணன் கோயில் வாசலில் ஊதுபத்தி செருகுவதற்கென்றே பெரிய கலசம் வைத்திருக்கிறார்கள். சீனப் பாட்டிகள் பத்திகளை நெற்றிக்கு மேல் உயர்த்திக் குனிந்து வணங்கி, கலசத்தில் செருகுகிறார்கள். சிலர் உள்ளேயும் வந்து, தீபாராதனையை நம்மைப் போலவே கண்ணில் ஒற்றிக்கொள்கிறார்கள். அம்மா ஒதுங்கி ஒரு பாட்டிக்கு இடம் விட்டார். அந்தப் பாட்டியோ அம்மாவின் கையைப் பிடித்துத் தன் பக்கத்தில் நிறுத்திக்கொண்டார். இருவருக்கும் பொதுவாக ஒரு சொல்கூடக் கிடையாது.

"அதிர்ஷ்டத்துக்காக வருகிறார்கள், பக்தி இல்லை" என்று நண்பர்கள் சிலர் சொல்வதுண்டு. எனக்கு அதில் உடன்பாடில்லை. எங்கள் வீட்டில் குழந்தைக்குக் காய்ச்சல் என்றால் நாகூர் ஆண்டவருக்கும் வேளாங்கண்ணி மாதாவுக்கும் நேர்ந்துகொள்வார்கள். அது பக்தி இல்லையா?

இந்த நகரத்தில் பல படிவங்களில் இனம் கேட்பார்கள். தமிழர்களுக்குள்ளேயே, இங்கே பிறந்தவரா, ஊரிலிருந்து வந்தவரா என்ற கேள்வி வரும். எத்தனை வருடம் வாழ்ந்தாலும் அந்தக் கேள்விக்கு முன்னால் நான் விருந்தாளியாகிவிடுகிறேன். இந்த வாசலில் மட்டும் அப்படித் தோன்றுவதில்லை. என் சாமியை இத்தனை பேர் தங்கள் சாமியாக வைத்திருக்கும் தெருவில் நான் எப்படி வெளியாள்?

"பக்கத்துக் கோயில் எந்த சாமிப்பா?" என்றார் அம்மா. குவான் இம், பௌத்தர்கள் கருணையின் வடிவாக வணங்கும் அவலோகிதரின் சீன வடிவம். அந்த அவலோகிதரிடம்தான் அகத்தியர் தமிழ் கேட்டார் என்கிறது 11-ஆம் நூற்றாண்டு இலக்கண நூலான வீரசோழியம். இதைச் சொன்னதும், "அப்போ அகத்தியருக்கே வாத்தியார்! பார்க்காமப் போகலாமா?" என்று அம்மா முன்னால் நடந்துவிட்டார்.

அங்கே பலரும் செருப்போடுதான் உள்ளே போனார்கள். அம்மாவுக்கு மனம் வரவில்லை, கழற்றினார். நானும் கழற்றினேன். உள்ளே குறி பார்க்கும் குச்சிகள் குலுங்கிக்கொண்டே இருந்தன. அம்மா கன்னத்தில் போட்டுக்கொண்டு, பேரன் பரீட்சைக்கும் அத்தையின் முழங்கால் வலிக்கும் சேர்த்து வேண்டிக்கொண்டார்.