ஜிப்ஸி கியர்பாக்ஸுக்கு எந்த ஆயில்? மூணு மாசமா மாத்தி மாத்தி ஊத்திப் பாத்தது

போன கார்த்திகைல 2006 மாடல் மாருதி ஜிப்ஸி (ஃபோர் வீல் டிரைவ் ஜீப்) ஒண்ணு செகண்ட்ஸ்ல எடுத்தேன். 1.3 லிட்டர் பெட்ரோல், அஞ்சு கியர். இன்ஜின் நல்லா இருந்துச்சு, பாடில ரெண்டு மூணு இடத்துல துரு, அது எதிர்பாத்ததுதான். ஒரே ஒரு விஷயம்தான் உறுத்திக்கிட்டே இருந்துச்சு. குன்னூர்ல டிசம்பர் மாசம் காலைல ஆறு மணிக்கு வண்டிய எடுத்து ஃபர்ஸ்ட்ல கிளம்பி செகண்ட் போட்டா கியர் உள்ள போகாது, கொஞ்சம் அழுத்துனா கர்ருன்னு பல்லக் கடிக்கிற சத்தம், நாலஞ்சு கிலோமீட்டர் ஓடி பாக்ஸ் சூடானதும் ஒண்ணுமே நடக்காத மாதிரி வெண்ணெயா விழும்.

முதல்ல கிளட்ச் மேலதான் சந்தேகம். கேபிள் பிளே சரி பண்ணிப் பாத்தேன், மாற்றமே இல்ல. அப்புறம் ஒரு சோதனை: வண்டிய நிறுத்தி, கிளட்ச்ச முழுசா மிதிச்சு, மூணு நாலு நொடி விட்டு ரிவர்ஸ் போட்டேன். ரிவர்ஸுக்கு சிங்க்ரோ (கியர் விழறதுக்கு முன்னாடி ரெண்டு பக்க வேகத்தையும் ஒண்ணாக்குற அமைப்பு) கிடையாது, அதனால கிளட்ச் முழுசா விடலைன்னா ரிவர்ஸ்தான் முதல்ல காட்டிக் குடுக்கும். சத்தமே இல்லாம விழுந்துச்சு. அப்போ பிரச்சனை பாக்ஸுக்குள்ளதான். அதுவும் குளிர்ல மட்டும் வருதுன்னா முதல்ல ஆயிலப் பாக்கணும்.

வித்தவர்கிட்ட போன் போட்டுக் கேட்டேன். "ஒர்க்ஷாப்ல எல்லா பெட்டியும் ஒரே நாள்ல மாத்திட்டோம் தம்பி, நல்ல கனமான ஆயிலா 140 போட்டாச்சு, சத்தம் வராது"ன்னாரு. எனக்கு அங்கயே பாதி விடை கெடச்சிருச்சு.

ஜிப்ஸிய தெரியாதவங்களுக்கு ஒண்ணு சொல்லிடறேன். இந்த வண்டில கியர் ஆயில் நாலு தனித்தனி பெட்டில இருக்கு. கியர்பாக்ஸ், ஒரு சின்ன ஷாஃப்ட் தள்ளி தனியா நிக்கிற டிரான்ஸ்ஃபர் கேஸ் (முன் சக்கரத்துக்கும் பின் சக்கரத்துக்கும் சக்தியப் பிரிச்சுக் குடுக்குற பெட்டி), முன்னாடி டிஃபரன்ஷியல் (அச்சு நடுவுல இருந்து ரெண்டு பக்க சக்கரத்துக்கும் சக்தியப் பிரிக்கிற பெட்டி), பின்னாடி டிஃபரன்ஷியல். மேனுவல் கணக்குல கியர்பாக்ஸ் 1.3 லிட்டர், டிரான்ஸ்ஃபர் 0.8, முன்னாடி 2 லிட்டர், பின்னாடி 1.5. எல்லாத்தையும் பொதுவா கியர் ஆயில்னுதான் சொல்றோம், ஆனா உள்ள நடக்கிற வேலை ஒண்ணு இல்ல.

டிஃபரன்ஷியல்ல கிரவுனும் (பெரிய பல்சக்கரம்) பினியனும் (அத சுத்துற சின்னது) ஹைப்பாய்டு டைப், அதாவது பினியனோட மையக்கோடு கிரவுன் மையத்துல இல்லாம கொஞ்சம் தள்ளி இருக்கும், அதனால பல்லு பல்லு மேல உருளறது மட்டும் இல்லாம நீளவாக்குல வழுக்கிக்கிட்டே அழுத்தும், அந்த அழுத்தத்துல ஆயில் படலம் கிழிஞ்சிரும். அதத் தாங்கத்தான் கந்தகம், பாஸ்பரஸ் கலந்த மருந்து நிறைய சேத்த ஜிஎல்-5 (கியர் ஆயிலோட வேலைப் பிரிவுல ஒண்ணு) ஆயில். படலம் கிழியிற இடத்துல அந்த மருந்து சூட்டுல இரும்போட சேந்து ஒரு மெல்லிசான தோல் கட்டிக் காப்பாத்தும். ஜிஎல்-4ல அதே மருந்து கிட்டத்தட்ட பாதிதான்.

கியர்பாக்ஸுக்குள்ள கதை வேற. அங்க பல்லுங்க சாய்வா வெட்டின சாதாரண ஹெலிகல், பெரிய வழுக்கல் கிடையாது. ஆனா அங்க பித்தளை சிங்க்ரோ ரிங் இருக்கு. நீங்க கியர் போடும்போது அந்த ரிங் கியரோட கூம்பு மேல போய் உக்காந்து, உள்பக்கம் இருக்கிற மெல்லிய வரிகளால ஆயில் படலத்த வெட்டி, பிரேக் மாதிரி பிடிச்சு ரெண்டு பக்க வேகத்தையும் ஒண்ணாக்குது, அப்புறம்தான் ஸ்லீவ் (கியரப் பூட்டுற வளையம்) உள்ள போக வழி விடும். ஆக சிங்க்ரோவுக்கு வேண்டியது உராய்வு. அங்க போய் அளவுக்கு மீறி வழுக்குற ஆயிலையும், வெட்ட முடியாத அளவுக்குக் கனமான ஆயிலையும் ஊத்துனா ரிங் பிடிக்காது, வேகம் ஒண்ணாகாம பல்லு இடிக்கும். என் வண்டில ரெண்டு தப்பும் ஒண்ணா நடந்திருந்துச்சு, 85டபிள்யூ-140 ஜிஎல்-5.

முதல் ஞாயித்துக்கிழமை வடிக்கிற வேலை. எங்க ஊர்ல இதுல ஒரு பெரிய தொல்லை என்னன்னா சமதளமே கெடைக்காது. லெவல் பிளக் (ஆயில் மட்டம் பாக்குற திருகு மூடி) ஓட்டை வரைக்கும் ஆயில் நிக்கணும்ங்கறதுதான் அளவு, வண்டி சரிவுல நின்னா அந்த அளவே பொய். எங்க வீட்டு வாசல் நல்ல சரிவு, அதனால தெரிஞ்சவரோட தேயிலை குடோன் முற்றத்துல கேட்டு நிறுத்தினேன். இன்னொண்ணு, இத தயவுசெஞ்சு ஞாபகம் வச்சுக்கங்க: முதல்ல ஊத்துற பிளக்க கழட்டுங்க, அப்புறம்தான் வடிக்கிற பிளக். கீழ இருக்கறத தெறந்து எல்லாம் வடிச்சப்புறம் மேல இருக்கறது துருப்பிடிச்சு வரலைன்னா வண்டி அங்கயே நிக்க வேண்டியதுதான். எனக்கும் மேல் பிளக் அரை மணி நேரம் வம்பு பண்ணுச்சு, துரு ஆயில் அடிச்சு, சுத்தியால லேசா தட்டித் தட்டித்தான் வந்துச்சு.

காலைக் குளிர்ல ஆயில் வெல்லப்பாகு மாதிரி எறங்குது, கூடவே கந்தக வாடை. பேசின்ல இருந்தத டார்ச் அடிச்சுப் பாத்தா மினுமினுன்னு தங்கப் பொடி மாதிரி மிதக்குது. காந்தத்த விட்டுப் பாத்தேன். காந்தத்துல ஒட்டுன கருப்பு விழுது இரும்புத் தேய்மானம், அது கொஞ்சம் இருக்கறது சகஜம். ஆனா அந்த மினுமினுப்பு காந்தத்துக்கு வரவே இல்ல. பித்தளை. ரிங் தேஞ்சிருக்கு. அதப் பாத்ததும் வயித்துல ஒரு மாதிரி ஆயிருச்சு, இன்னும் அஞ்சாறு மாசம் முன்னாடி இந்த வண்டி என் கைக்கு வந்திருக்கக் கூடாதான்னு இருந்துச்சு.

மண்ணெண்ணெய் ஊத்திக் கழுவச் சொல்லி ஒருத்தர் சொன்னாரு, நான் செய்யல. உள்ள மூலைல தங்குற மண்ணெண்ணெய் புது ஆயிலோட கலந்து அத நீர்க்க வச்சிரும். அதுக்குப் பதிலா சாதாரண மினரல் 80டபிள்யூ-90 ஜிஎல்-4 வாங்கி ஊத்தி 200 கிலோமீட்டர் ஓட்டி, சூட்டோட வடிச்சிட்டு, அதே ஆயில மறுபடியும் புதுசா ஊத்தினேன். முதல் நாளே வித்தியாசம் தெரிஞ்சுச்சு. சத்தம் முக்காவாசி போச்சு. ஆனா விடியக்காலைல முதல் ரெண்டு மூணு தடவை செகண்ட் மட்டும் ஒரு தயக்கம் காட்டுச்சு.

இந்த நம்பர் விஷயம் நிறைய பேரக் குழப்புது. நம்ம ஊர்ல கடைக்குப் போனா "90ஆ 140ஆ"ன்னுதான் கேப்பாங்க. அந்தப் பின்னாடி நம்பர் 100 டிகிரி சூட்டுல எவ்வளவு கெட்டின்னு சொல்லுது. 90ன்னா 13.5ல இருந்து 18.5 சென்டிஸ்டோக்ஸுக்குள்ள (கெட்டித்தன்மைய அளக்குற அலகு), 140ன்னா 24க்கு மேல. டபிள்யூ போட்ட முன்னாடி நம்பர் குளிர் கணக்கு: 85டபிள்யூவுக்கு மைனஸ் 12ல சோதிப்பாங்க, 80டபிள்யூவுக்கு மைனஸ் 26, 75டபிள்யூவுக்கு மைனஸ் 40. எங்க ஊர்ல மைனஸ் எங்க வருதுன்னு கேக்கலாம். வராதுதான், ஆனா மைனஸ் 40லயும் நகர்ற ஆயில் எட்டு பத்து டிகிரி காலைலயும் மத்ததவிட நல்லாவே எளகி இருக்கும், எனக்கு வேண்டியது அதுதான். இன்ஜின் ஆயில் நம்பரோட இத ஒப்பிடாதீங்க, அது வேற அளவுகோல். இன்ஜின் ஆயில்ல 40 போட்டது 12.5ல இருந்து 16.3 வரைக்கும், அதாவது 75டபிள்யூ-90 கியர் ஆயிலும் 15டபிள்யூ-40 இன்ஜின் ஆயிலும் சூட்டுல ஏறக்குறைய ஒரே கெட்டி. பழைய ஹோண்டா மேனுவல் பாக்ஸுக்கு கம்பெனியே 10டபிள்யூ-30 இன்ஜின் ஆயில் ஊத்தச் சொன்னது இப்படிப் பாத்தா ஆச்சரியமே இல்ல.

அடுத்து 75டபிள்யூ-90 ஜிஎல்-4 சிந்தெடிக் தேடி கோயம்புத்தூர் போனேன். ஏழெட்டு ஸ்பேர்ஸ் கடை ஏறி இறங்கியாச்சு. எல்லா இடத்துலயும் 75டபிள்யூ-90 இருக்கு, ஆனா ஜிஎல்-5. "அஞ்சு நாலவிட ஒசத்தி தம்பி, எடுத்துட்டுப் போங்க"ன்னு ஒரு கடைக்கார அண்ணன் நல்ல மனசோடதான் சொன்னாரு. இங்கதான் முக்கால்வாசிப் பேர் தப்புப் பண்றாங்க. ஜிஎல்-4ம் ஜிஎல்-5ம் மார்க் கிடையாது, வேலைப் பிரிவு. ஜிஎல்-5ங்கறது கிரவுன் பினியனுக்கான மருந்து, அத சிங்க்ரோவுக்குக் குடுத்தா ஒசத்தி ஆகாது. கேன்ல ஜிஎல்-4/ஜிஎல்-5 ரெண்டும் போட்டிருந்தா நான் எடுக்கறதில்ல, பெரும்பாலும் அது ஜிஎல்-5 அளவு மருந்துதான், சிங்க்ரோ இருக்கிற பாக்ஸுக்குன்னு தனியா எழுதியிருந்தா மட்டும் யோசிக்கலாம். எம்டி-1னு ஒண்ணு இருக்கு, மேனுவல்னு நெனச்சு வாங்கிடாதீங்க, அது சிங்க்ரோவே இல்லாத லாரி, பஸ் பாக்ஸுக்கு. கடைசியா எட்டாவது கடைல கெடச்சுச்சு, மினரலப் போல ரெண்டு மடங்கு விலை, ரெண்டு லிட்டர் எடுத்தேன்.

இடைல வீட்ல ஒரு சோதனையும் பண்ணினேன், ஏன்னா ஜிஎல்-5 பித்தளைய அரிச்சிரும்னு எல்லாரும் சொல்றாங்க, கண்ணால பாக்கணும்னு ஆசை. ஆயில் கம்பெனிங்க இதுக்கு செம்புத் தகட்ட சூடான ஆயில்ல மூணு மணி நேரம் போட்டு நிறம் பாப்பாங்க. நான் ரெண்டு ஜாம் பாட்டில்ல ஜிஎல்-4ம் ஜிஎல்-5ம் ஊத்தி, தேச்சுப் பளபளன்னு ஆக்குன செம்புக் கம்பியும் பித்தளைத் துண்டும் போட்டு, கொதிக்கிற தண்ணிக்குள்ள வச்சு ஒரு நாளைக்கு மூணு மணி நேரம்னு நாலு நாள். ஜிஎல்-5ல கெடந்த செம்பு கரும்பழுப்பா மாறிருச்சு, ஜிஎல்-4ல லேசான ஆரஞ்சு. ஆனா பித்தளைத் துண்டு ரெண்டுலயும் பெருசா மாறல. அதனால அரிச்சே தின்னுரும்னு நான் பயமுறுத்த மாட்டேன், நிறம் மாறுறது வேற தேய்மானம் வேற, இப்ப வர்ற ஆயில்ல செம்பக் காப்பாத்தவும் மருந்து சேக்கறாங்க. என் வண்டில நடந்தத வச்சு எனக்குப் படறது, ரிங் பிடிக்காம வழுக்கி வழுக்கித் தேஞ்சதுதான் பெரிய சேதம்.

மத்த பெட்டிங்கள சீக்கிரமா சொல்லிடறேன். டிரான்ஸ்ஃபர் கேஸுக்கு கியர்பாக்ஸ் ஆயிலேதான். பின்னாடி டிஃபரன்ஷியலுக்கு 80டபிள்யூ-90 ஜிஎல்-5. முன்னாடி டிஃபரன்ஷியல தெறந்தா பால் ஊத்துன காபி கலர்ல வந்துச்சு, தண்ணி ஏறியிருக்கு. பழைய ஓனர் ஆத்துல இறக்கியிருக்காரு போல. சூடா இருக்கிற பெட்டி குளிர்ந்த தண்ணில எறங்குனா உள்ள காத்து சுருங்கி, சீல் வழியா, பிரீதர் (பெட்டி மூச்சு விடற சின்ன ஓட்டை) வழியா தண்ணிய இழுத்துக்கும். ரெண்டு தடவை ஆயில் மாத்தி, பிரீதருக்கு ஒரு ரப்பர் டியூப் போட்டு மேல இன்ஜின் பே வரைக்கும் கொண்டு வந்து கட்டிட்டேன்.

நான் இதெல்லாம் பண்றதப் பாத்துட்டு மச்சான் அவரு வண்டிக்கும் ஆயில் வாங்கித் தரச் சொன்னாரு. அவருது சிவிடி, தனித்தனி கியர் இல்லாம பெல்ட்டும் புல்லியும் வச்ச ஆட்டோமேட்டிக். அங்க மட்டும் என் கையால எதையும் தேர்ந்தெடுக்க மாட்டேன்னு சொல்லிட்டேன், மேனுவல்ல போட்டிருக்கிற அதே பேரு, அதே ஃப்ளூயிட், வேற எதுவும் வேண்டாம். சிவிடில இரும்பு பெல்ட் இரும்பு புல்லி மேல வழுக்காம பிடிக்கணும், சாதாரண ஏடிஎஃப் (ஆட்டோமேட்டிக் கியர்பாக்ஸ் ஃப்ளூயிட்) ஊத்துனா அந்தப் பிடிமானம் போயிரும். டார்க் கன்வெர்ட்டர் வச்ச வழக்கமான ஆட்டோமேட்டிக்ல கிளட்ச் பிளேட்டுங்க எந்த அளவுக்கு வழுக்கிப் பிடிக்கணும்ங்கறதே ஃப்ளூயிட்ல இருக்கிற மருந்து கைலதான், ஒரு காலத்துல அந்த வேலைக்கு ஸ்பெர்ம் திமிங்கல எண்ணெய் சேத்திருக்காங்க, 1970கள்ல திமிங்கல எண்ணெய்க்குத் தடை வந்தப்புறம்தான் வேற மருந்து தேடினாங்க. செவப்பா இருக்குன்னு எல்லாம் ஒண்ணுன்னு நெனைக்காதீங்க, அது வெறும் சாயம். ஏஎம்டி (கிளட்ச்சையும் கியரையும் வண்டியே தானா மாத்துற டைப்) வச்சிருக்கவங்க கவனிங்க, 2014ல மாருதி செலேரியோவோட இந்தியாவுக்கு வந்த இந்த டைப் உள்ள சாதாரண மேனுவல் பாக்ஸ்தான், அதுக்கு கியர் ஆயில், கிளட்ச்சையும் கியரையும் நகத்துற ஹைட்ராலிக் யூனிட்டுக்குத் தனி ஃப்ளூயிட். ரெண்டையும் மாத்தி ஊத்திடக் கூடாது.

சரி, என் வண்டிக்கு வர்றேன். ஜனவரி கடைசில 75டபிள்யூ-90 ஜிஎல்-4 ஊத்தினேன், டியூபும் ஃபனலும் வச்சு மேல இருந்து, லெவல் ஓட்டைல வழியற வரைக்கும், சரியா 1.3 லிட்டர்கிட்ட வந்துச்சு. பிளக் வாஷர் புதுசு. மறுநாள் காலைல வீட்ல எல்லாரும் தூங்கிக்கிட்டு இருக்கும்போதே எறங்கிப் போய் வண்டிய எடுத்தேன். ஃபர்ஸ்ட், செகண்ட். விழுந்துச்சு. லாம்ப்ஸ் ராக் ரோட்டுல ஏத்தத்துல இருந்து கீழ வரும்போது தேர்ட்ல இருந்து செகண்டுக்கு இறக்கிப் பாத்தேன், அதுவும் சத்தம் இல்லாம.

இப்ப 1,800 கிலோமீட்டர் ஆச்சு. போன வாரம் கொஞ்சம் ஆயில் எடுத்து டார்ச் அடிச்சுப் பாத்தேன், அந்தத் தங்கப் பொடி இல்ல. ஆனா ரொம்பக் குளிரான காலைல, அவசரமா போட்டா, செகண்ட் இன்னும் ஒரு சின்ன உறுத்தல் குடுக்குது. தேஞ்ச ரிங்க எந்த ஆயிலும் வளக்காது. இப்போதைக்கு செகண்ட் போடறதுக்கு முன்னாடி நியூட்ரல்ல ஒரு நொடி நிறுத்திப் போடறேன். ஜூன்ல கிளட்ச் பிளேட் மாத்த பாக்ஸ எறக்கப் போறோம், செகண்ட் தேர்ட் ரெண்டுக்கும் சிங்க்ரோ ரிங் இப்பவே வாங்கி வச்சாச்சு, ஊத்த மிச்சம் 75டபிள்யூ-90 அரை லிட்டருக்கு மேல அலமாரில இருக்கு, இன்னும் ஒரு லிட்டர் வாங்கணும்.